நாரங்கம் நடந்த பாதை

சில ஆண்டுகளுக்கு முன், குளிர்காலத்தில் ஒரு நாள், தலைநகரில் நடைபெறவிருந்த விருந்தொன்றின் உணவுப் பட்டியலைத் தமிழில் பெயர்த்துத் தருமாறு நம் மேசைக்கு ஒரு தாள் வந்தது. மொழிபெயர்ப்பாளரிடம் வந்து சேரும் தாள்களில் சட்டமும் சுற்றறிக்கையும் மிகுதி. சோறும் குழம்பும் அருமை. ஆகவே அதனை மகிழ்ச்சியுடனே எடுத்துக்கொண்டோம். நான்காவது வரியில் பேனா நின்றுவிட்டது. தணலில் வாட்டிய வாத்திறைச்சியின்மேல் ஆரஞ்சுச் சாற்றையும் சர்க்கரையையும் குறுகக் காய்ச்சிப் பளபளவென்று பூசிய பண்டம் ஒன்று அங்கே குறிக்கப்பட்டிருந்தது. அப்பூச்சுக்கு ஆங்கிலத்தார் கண்ணாடியோடு உறவுடைய ஒரு சொல்லை வழங்குகின்றனர். தமிழில் யாது சொல்வது? நெடுநேரம் எண்ணியபின், “மேல்நாட்டு முறையில் ஆரஞ்சுப் பாகு பூசிய வாத்து” என்று எழுதி அனுப்பினோம். பட்டியல் அச்சாயிற்று, விருந்தும் முடிந்தது.

ஆனால் அத்தொடரின் முதலிரு சொற்கள் நம் நெஞ்சை விட்டு நீங்கவில்லை. மூலத்தில் அவை இல்லை; நாமே சேர்த்தவை. படிப்போருக்கு உதவியாக இருக்கும் என்று எண்ணிச் சேர்த்தோம். பின்னர் நூல்களைப் புரட்டப் புரட்ட, அச்சொற்கள் உதவியல்ல, பிழை என்பது தெளிவாயிற்று. முழுப் பிழையன்று, பாதிப் பிழை. பாதிப் பிழையோ முழுப் பிழையினும் நெடுநாள் வாழ்வது. அதனைத் திருத்தும் பொருட்டே இக்கட்டுரையை எழுத முற்பட்டோம்.

புலால் உண்ணாத அன்பர்கள் பலர் இப்பக்கங்களைப் படிப்பர் என்பதை நாம் அறிவோம். அவர்கள் முகம் சுளிக்க வேண்டுவதில்லை. ஒரு நாட்டின் வரலாறு கோட்டையிலும் கல்வெட்டிலும் இருப்பது போலவே அடுக்களையிலும் இருக்கிறது. அரசர்கள் எழுதுவித்த மெய்க்கீர்த்திகளில் மிகையுண்டு. சமையற்குறிப்பில் மிகை செல்லாது. உப்பு மிகுந்தால் உண்பவர் சொல்லிவிடுவர்.

முதலில் பொருளை அறிவோம். இப்பண்டத்தில் மூன்று உறுப்புகள் உள்ளன: தீயில் வாட்டிய இறைச்சி, புளிப்புள்ள பழச்சாறு, சர்க்கரை. நாலைந்து ஆரஞ்சுப் பழங்களின் சாற்றில் சிறிதளவு சர்க்கரையைக் கரைத்து, மெல்லிய தீயில் வைத்து, கரண்டியின் முதுகில் ஒட்டி நிற்கும் பதம் வரும்வரை குறுக்க வேண்டும். இறைச்சி ஏறக்குறைய வெந்த பிறகு, கடைசிக் கால்மணி நேரத்தில் அப்பாகை இரண்டு மூன்று முறை பூசி வாட்ட வேண்டும். முன்னரே பூசினால் சர்க்கரை கருகிக் கசந்துவிடும். இறக்கிய பின் பூசினால் பாகு தனியாகவும் இறைச்சி தனியாகவும் நிற்கும். உரிய காலத்தில் பூசினாலோ, வெப்பத்தால் சர்க்கரை செம்பொன்னிறம் கொள்ளும். இறைச்சியின் புரதப் பொருளும் சர்க்கரைப் பொருளும் கூடி நறுமணம் எழுப்பும். இந்தக் கூட்டுவினையை 1912ஆம் ஆண்டில் விளக்கியவர் லூயி கமீல் மய்யார் என்னும் பிரெஞ்சு அறிஞர். கொழுப்பினால் நாவில் தோன்றும் திகட்டலைப் புளிப்பு அறுக்கும். புளிப்பின் கூர்மையை இனிப்பு மழுக்கும். முறை இவ்வளவே. இனி மூன்று உறுப்புகளும் எங்கிருந்து வந்தன என்பதை ஆராய்வோம்.

தீயில் இறைச்சி வாட்டுதல் எந்த நாட்டுக்கும் தனியுரிமையன்று. தீயைக் கண்ட மாந்தர் எல்லோரும் அதனைக் கண்டனர். ஆதலால் அதனை விடுத்து மற்ற இரண்டையும் நோக்குவோம்.

நாரத்தை, எலுமிச்சை, கிச்சிலி, பம்ளிமாசு ஆகியன எல்லாம் ஒரே குடும்பத்து மரங்கள். இக்குடும்பத்தின் பிறப்பிடம் யாது என்பது பற்றி நூறாண்டுகளுக்கு மேலாகத் தாவர நூலார் வாதிட்டு வந்தனர். 2018ஆம் ஆண்டில், அறுபது வகை மரங்களின் மரபணுக்களை ஒப்பிட்டு ஆராய்ந்த அறிஞர் குழு ஒன்று, கிழக்கு அஸ்ஸாம், வட பர்மா, மேற்கு யுன்னான் ஆகியவற்றை உள்ளடக்கிய இமயத்தின் தென்கிழக்கு அடிவாரமே இக்குடும்பத்தின் தாயகமாகலாம் என்று கூறியது. ஏறத்தாழ 80 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் அவ்விடத்திலிருந்து இம்மரங்கள் பலவாகக் கிளைத்துப் பரவினவாம். நாம் இன்று உண்ணும் பழங்கள் பலவும் கலப்பினால் தோன்றியவையே. பம்ளிமாசும் கிச்சிலியும் கலந்து புளிநாரத்தை பிறந்தது. புளிநாரத்தையோடு, வடநூலார் மாதுலுங்கம் என்னும் தடித்த தோலுடைய பெருங்கனி கலந்து, மேல்நாட்டுப் பெரிய எலுமிச்சை பிறந்தது. தூய குலம் என்று பெருமை பேச இக்குடும்பத்தில் இடம் மிகக் குறைவு. இந்த ஒரு செய்தியை மனத்தில் இருத்திக்கொண்டு மேலே செல்வோம்.

நம் நாட்டு மருத்துவ நூல்கள் இப்பழங்களை நன்கறிந்திருந்தன. சரக சம்ஹிதை நாரங்கத்தை இனிப்பும் சிறிது புளிப்பும் உடையது, உணவில் விருப்பத்தை எழுப்புவது, ஆனால் எளிதில் செரிக்காதது என்று மதிப்பிடுகிறது. சுசுருத சம்ஹிதையில் உணவுப் பொருள்களைக் கூறும் பகுதி ஒன்று உண்டு. அங்கே இறைச்சியைப் பக்குவம் செய்யும் முறைகள் வரிசையாக எடுத்துரைக்கப்படுகின்றன. நெய், தயிர், புளித்த கஞ்சி, புளிப்புக் கனிச்சாறு, காரப் பொருள்கள் ஆகியவற்றோடு சமைத்த இறைச்சி சுவையும் வலிமையும் தரும் என்பது அந்நூலின் துணிபு. கம்பியில் கோத்துத் தணலில் வாட்டிய இறைச்சிக்கும், நெய் தெளித்து வாட்டியதற்கும் அங்கே தனித்தனிப் பெயர்கள் உள. நாம் தேடி வந்த மூன்று உறுப்புகளில் இரண்டு, கனிப்புளிப்பும் தணலும், மருத்துவர் நூலிலேயே ஒன்றற்கொன்று அருகே அமர்ந்திருக்கின்றன.

மூன்றாவது உறுப்பாகிய சர்க்கரையோ ஐயத்துக்கு இடமின்றி இந்நாட்டின் கொடை. கரும்புச் செடி வேறிடத்தில் தோன்றியிருக்கலாம். அதன் சாற்றைக் காய்ச்சிக் கட்டியாகவும் கல்லாகவும் ஆக்கும் வித்தை இங்கே வளர்ந்தது. கௌடிலியரின் அர்த்தசாஸ்திரம் கரும்புச் சாற்றின் பக்குவங்களைப் பாணிதம், குடம், மத்ஸ்யண்டிகை, கண்டம், சர்க்கரை என்று பிரித்துக் கூறுகிறது. சர்க்கரை என்னும் வடசொல் பாரசீகத்தில் ஷக்கர் ஆகி, அரபியில் சுக்கர் ஆகி, ஸ்பானிய மொழியில் அசூக்கர் ஆயிற்று. கண்டம் என்பது பாரசீகத்தில் கந்த் ஆகி, ஆங்கிலக் குழந்தைகளின் மிட்டாய்க்குப் பெயராகி நிற்கிறது.

நாரங்கத்தின் சொல்வழியும் இதற்குக் குறைந்ததன்று. தமிழில் நாரத்தை, மலையாளத்தில் நாரங்ஙா, தெலுங்கில் நாரிஞ்ச. இச்சொற்களைக் கருதி, வடமொழி நாரங்கம் தென்மொழிகளிலிருந்து பெற்ற கடனாகலாம் என்று மொழியறிஞர் பலர் எண்ணுகின்றனர். வடமொழியிலிருந்து பாரசீகத்துக்கு நாரங்க் என்று சென்றது; அரபியர் நாவில் நாரஞ்ஜ் ஆயிற்று; ஸ்பெயினில் நாரான்ஹா என்று ஒலித்தது. இத்தாலியில் முதலெழுத்தை இழந்து அரன்சா எனவும், பிரெஞ்சில் ஒரான்ஜ் எனவும் மாறி, இங்கிலாந்து சென்று, கப்பலேறி மீண்டும் நம் துறைமுகத்தில் ஆரஞ்சு என்று இறங்கிற்று. வீட்டை விட்டுச் சென்ற பிள்ளை வேறு பெயரோடு திரும்பி வந்து திண்ணையில் அமர்ந்தது போலாயிற்று. நாமோ அதனை யாரென்று கேட்டோம்.

சொல் மட்டும் சென்றதா, மரமும் சென்றதா? பத்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த அல் மஸ்ஊதி என்னும் அரபு வரலாற்றாசிரியர் இதற்கு விடை தருகிறார். நாரஞ்ஜ் மரம் ஹிஜ்ரி 300க்குப் பிறகு, அதாவது கி.பி. 912ஐ ஒட்டிய காலத்துக்குப் பின், இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பெற்றது என்றும், முதலில் ஓமானில் நடப்பட்டு, பிறகு பஸ்ரா, ஈராக், சிரியா நாடுகளுக்குச் சென்றது என்றும் அவர் எழுதுகிறார். அதன்பின் அவர் கூறுவதே நம் உள்ளத்தைத் தொடுவது. இந்தியாவில் அதற்கு இருந்த இனிய மணமும் அழகிய நிறமும் இங்கே இல்லாது போயின. அந்நாட்டின் காற்றும் மண்ணும் நீரும் இங்கில்லாமையே காரணம் என்கிறார் அவர். மொழிபெயர்ப்புத் தொழிலில் உள்ளோர் எவரும் இவ்வரியை எளிதில் கடந்து செல்ல இயலாது. ஒரு மண்ணில் வேரூன்றியதைப் பிடுங்கி வேறு மண்ணில் நடுவது நம் அன்றாடத் தொழில். மணம் குறைந்துபோவதும் நம் அன்றாடத் துயரம்.

எனினும் நட்ட இடத்தில் புதிய பயன் தோன்றுவதும் உண்டு. 1226ஆம் ஆண்டில் பாக்தாது நகரத்தவரான முகம்மது பின் அல் ஹசன் என்பவர் ஒரு சமையல் நூல் எழுதினார். அதில் நாரஞ்ஜிய்யா என்று ஒரு பண்டம் வருகிறது. கொழுப்புள்ள இறைச்சியை நாரங்கச் சாறு சேர்த்துச் சமைப்பது அது. அங்கே அவர் நுட்பமான கட்டளை ஒன்றை இடுகிறார்: பழத்தின் தோலை உரிப்பவர் ஒருவராகவும், சாறு பிழிபவர் வேறொருவராகவும் இருத்தல் வேண்டும். தோலிலுள்ள எண்ணெய் விரல்களில் ஒட்டியிருந்தால் சாறு கசக்கும். ஆகவே கை மாற வேண்டும். எட்டு நூற்றாண்டுகளுக்கு முன் ஒரு மனிதர் அடுக்களையில் நின்று விரலை முகர்ந்து பார்த்து எழுதிய சொல் இது. இன்று ஆரஞ்சுப் பாகு காய்ச்சிக் கசந்துபோயிற்றே என்று வருந்துவோர்க்கும் இதைவிடச் சிறந்த அறிவுரை இல்லை.

இதே காலத்தில் நம் நாட்டு அரண்மனைகளில் என்ன நடந்தது? கல்யாணியைத் தலைநகராகக் கொண்டு ஆண்ட மேலைச் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரன் பன்னிரண்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில் மானசோல்லாசம் என்னும் வடமொழிக் கலைக்களஞ்சியத்தை இயற்றினான். யானை, குதிரை, ஓவியம், இசை, மற்போர் ஆகியவற்றோடு உணவுக்கும் அந்நூலில் ஓர் இயல் உண்டு. இறைச்சித் துண்டுகளைக் கம்பியில் கோத்துத் தணல்மேல் வாட்டி, உப்பும் மிளகும் தூவி உண்ணும் முறையை அரசனே விரித்துரைக்கிறான். புளிப்புச் சாறுகளைக் கொண்டு இறைச்சியைப் பதப்படுத்தலும் அவன் அறிந்ததே. துருக்கர் ஆட்சி தக்காணத்தில் கால்கொள்ளுதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முற்பட்டது இந்நூல் என்பதை நினைவிற் கொள்ளல் நலம். கம்பியில் வாட்டிய இறைச்சி முழுவதும் மேற்கிலிருந்து வந்தது என்பாரின் கூற்றை இந்த ஒரு நூலே மறுத்துவிடும்.

அடுத்து மாளவத்துக்குச் செல்வோம். விந்திய மலையின் மேல் மாண்டு என்னும் நகரிலிருந்து 1469 முதல் 1500 வரை ஆண்டவன் சுல்தான் கியாத் ஷா. அவன் பொருட்டும் அவன் மகன் நாசிர் ஷாவின் பொருட்டும் எழுதப்பெற்ற நிஅமத்நாமா என்னும் ஓவியச் சுவடி இன்று லண்டனிலுள்ள பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது. மீசை நீண்ட சுல்தான் அமர்ந்திருக்க, பணிப்பெண்கள் அடுப்பு மூட்டிச் சமைக்கும் காட்சிகள் ஐம்பது ஓவியங்களில் தீட்டப்பட்டுள்ளன. மொழி பாரசீகம், ஆனால் சட்டியும் பொருளும் பெயர் சொல்லும்போது இந்திச் சொற்கள் அடிக்கொன்றாகப் புகுந்துவிடுகின்றன. எலுமிச்சைச் சாறு அந்நூலில் பக்கந்தோறும் வருகிறது. நாரங்க இலைகளும் மணத்துக்குச் சேர்க்கப்படுகின்றன. அரசன் பாரசீகத்தில் ஆணையிட்டான், அடுக்களை இந்தியில் விடை சொல்லிற்று என்று கொள்ளலாம்.

இருபதாண்டுகளுக்குப் பின் பாபர் வருகிறார். 1526இல் பானிப்பட்டில் வென்ற அவருக்கு இந்நாட்டில் பிடிக்காதன பல. நல்ல திராட்சை இல்லை, முலாம்பழம் இல்லை, பனிக்கட்டி இல்லை என்று குறைகளை அடுக்குகிறார். ஆனால் புளிப்புக் கனிகளைப் பற்றி எழுதும்போது அவர் பேனா தணிந்து, ஆராய்ச்சியாளரின் பேனாவாகிவிடுகிறது. நாரஞ்ஜ், லீமு, துருஞ்சு, சங்தரா, கல்கல், ஜம்பீரி, அமல்பேத் என்று வகைவகையாகப் பிரித்து வடிவமும் சுவையும் கூறுகிறார். அமல்பேத் பழத்தினுள் ஊசியைச் செருகினால் அது கரைந்துவிடும் என்று மக்கள் சொல்வதையும் குறிக்கிறார். இவற்றினும் நம்மைக் கவர்வது வேறொன்று. நாரஞ்ஜ் என்னும் சொல் அரபியராக்கிய வடிவமாக இருக்க வேண்டும் என்று தமக்குத் தோன்றியதாகவும், பஜௌர், ஸ்வாத் பகுதிகளில் எல்லோரும் நாரங்க் என்றே சொல்லக் கேட்டதும் அது உறுதியாயிற்று என்றும் எழுதுகிறார். போர்களுக்கு இடையே ஒரு சொல்லின் வேரைத் தேடி மகிழ்ந்த மன்னர் அவர். துருக்கி மொழியில் அவர் எழுதிய இந்நூலை, அவருடைய பேரன் அக்பரின் ஆணைப்படி 1589இல் பாரசீகத்தில் பெயர்த்தவர் அப்துர் ரஹீம் கான்கானான். படைத்தலைவராகவும் இந்திக் கவிஞராகவும் விளங்கிய அவர் பெயரை மொழிபெயர்ப்புத் தொழிலினர் நன்றியோடு நினைக்கக் கடமைப்பட்டுள்ளோம்.

அக்பர் காலத்து அடுக்களைக் கணக்கை அபுல் பசல் அயினி அக்பரியில் தருகிறார். கபாபுக்கு 10 சேர் இறைச்சி, அரைச் சேர் நெய், உப்பும் இஞ்சியும் வெங்காயமும், சீரகம், கொத்தமல்லி, மிளகு, ஏலம், கிராம்பு என்பது அவர் பட்டியல். அதில் கனிச்சாறு இல்லை என்பதையும் நேர்மையாகச் சொல்லிவிட வேண்டும். இஞ்சியோடு எலுமிச்சைச் சாறு சேர்வது அவரது கத்தரிக்காய்ப் பண்டத்தில்தான். ஆனால் பதினேழாம் நூற்றாண்டில், ஷாஜஹான் காலத்துப் பண்டங்களைத் தொகுத்த பாரசீகச் சமையற்சுவடியில் காட்சி மாறுகிறது. நாரங்கிப் புலாவு என்று ஒரு பண்டமே அங்கே உண்டு. சாஷ்னி என்னும் பாகும் அக்கால அடுக்களையில் வழங்கியது. சர்க்கரையையும் எலுமிச்சைச் சாற்றையும் சேர்த்துக் காய்ச்சிய இனிப்புப் புளிப்புப் பாகு அது. இறைச்சியின்மீதும் இறைச்சி சேர்ந்த சோற்றின்மீதும் ஊற்றப்பட்டது. சாஷ்னி என்னும் பாரசீகச் சொல்லுக்குச் ‘சுவைத்துப் பார்த்தல்’ என்பதே வேர்ப்பொருள். இன்று வட நாட்டில் அச்சொல் ஜிலேபிக்கும் குலாப் ஜாமூனுக்கும் உரிய வெறும் சர்க்கரைப் பாகைக் குறிக்கிறது. புளிப்பு உதிர்ந்து இனிப்பு மட்டும் எஞ்சிற்று. சொல் சுருங்கியபோது நினைவும் சுருங்கிவிட்டது. நாம் விருந்துப் பட்டியலுக்குத் தேடித் தவித்த சொல், நாள்தோறும் கடந்து செல்லும் மிட்டாய்க் கடையின் கடாயில் கொதித்துக்கொண்டிருந்தது.

இனி மேற்கே சென்ற கிளையைச் சுருக்கமாகக் காண்போம். அரபியர் வழியாகச் சிசிலியையும் ஸ்பெயினையும் அடைந்த புளிநாரத்தை அங்கே தோட்டந்தோறும் செழித்தது. 1570ஆம் ஆண்டில் போப்பரசரின் சமையற்காரர் பார்த்தொலொமேயோ ஸ்காப்பி வெளியிட்ட பெருநூலில், வாட்டிய இறைச்சிக்குச் சர்க்கரையும் புளிநாரத்தைச் சாறும் சேர்க்கும் முறை காணப்படுகிறது. பிரெஞ்சுக்காரர் அப்பழத்தைப் பிகராடு என்றனர். வாத்துக்கு உரிய அவர்களது பழைய சாறு அப்பெயராலேயே வழங்கியது. 1903இல் அகுஸ்த் எஸ்கோப்பியே வெளியிட்ட சமையல் வழிகாட்டியில், சர்க்கரையைப் பொன்னிறமாகக் காய்ச்சி, வினிகரில் கரைத்து, இறைச்சிச் சாற்றோடும் ஆரஞ்சுச் சாற்றோடும் கூட்டும் நுட்பம் இடம்பெற்றது. நம் மேசைக்கு வந்த தாளின் நான்காவது வரிக்கு நேரான தந்தை இதுவே. இனிப்பு ஆரஞ்சு ஐரோப்பாவில் பரவியது பிற்பாடு, பதினைந்தாம் பதினாறாம் நூற்றாண்டுகளில். அதனைப் பரப்பியதில் போர்த்துக்கீசியருக்குப் பெரும் பங்கு உண்டு. ஆகவே அரபியர் இனிப்பு ஆரஞ்சைப் புர்துகால் என்று போர்த்துக்கல்லின் பெயராலேயே அழைக்கின்றனர். கிழக்கிலிருந்து தம் வழியாக மேற்கே சென்ற குடும்பத்தின் கனி மேற்கின் பெயரோடு தம்மிடம் திரும்பியபோது, அதன் பூர்விகத்தை அவர்களும் மறந்தனர். மறதி எல்லா நாட்டுக்கும் பொது.

இப்போக்குவரவு நம் காலத்திலும் ஓயவில்லை. குளிர்காலத்தில் தில்லித் தெருக்களில் வண்டி வண்டியாகக் குவியும் கின்னோ பழத்தை வட நாட்டவர் பஞ்சாபின் சொந்தப் பழம் என்றே கருதுவர். அஃது 1915இல் அமெரிக்காவின் கலிபோர்னியாவில் எச். பி. பிராஸ்ட் என்னும் அறிஞர் கிங், வில்லோ லீப் என்னும் இரு கிச்சிலி வகைகளைக் கலந்து தோற்றுவித்தது. பெற்றோர் இருவர் பெயரும் ஒட்டியே கின்னோ ஆயிற்று. 1940ஐ ஒட்டி லயால்பூருக்கு வந்து, பிரிவினைக்குப் பின் எல்லையின் இருபுறமும் வேரூன்றிவிட்டது. ஆசியக் குடும்பம், அமெரிக்கப் பிறப்பு, பஞ்சாபிக் குடியுரிமை.

பழைய வழக்கம் அறுபடாமல் நிற்கும் இடமும் உண்டு. பராக் பள்ளத்தாக்கிலும் அதனையடுத்த சில்ஹட் நாட்டிலும் சாத்கரா என்னும் கரடுமுரடான புளிப்புக் கனியின் தடித்த தோலை நறுக்கி இறைச்சியோடு சமைப்பர். அதன் கசப்பும் மணமும் சேராத கறியை அப்பகுதியார் விருந்தாக மதியார். கடல் கடந்து லண்டனில் குடியேறிய சில்ஹட்டு மக்கள் அப்பழத்தையும் உடன் வரவழைத்துக்கொண்டனர். எந்த நூலும் எழுதி வைக்காமலே, புளிப்புக் கனிகளின் தாயகத்துக்கு அண்மையிலேயே, கனியும் இறைச்சியும் கூடும் கலை உயிரோடிருக்கிறது.

இவற்றால் நாம் பெறும் முடிவு யாது? ‘எல்லாம் எம்மிடமிருந்து சென்றதே’ என்று மார்தட்டுவது எளிது. அதுவும் ஒரு பாதிப் பிழையே. மரத்தின் தாயகம் அஸ்ஸாமும் யுன்னானும் சேர்ந்தது. எல்லைக் கோடுகள் அதற்குத் தெரியா. சர்க்கரை வித்தை இந்நாட்டினது. தோல் உரிப்பவரும் பிழிபவரும் வேறாக இருக்க வேண்டும் என்ற நுட்பம் பாக்தாதினது. சாஷ்னி பாரசீகச் சொல், ஆயினும் இந்திய அடுக்களையில் தழைத்தது. பொன்னிறப் பாகை இறைச்சிச் சாற்றோடு இணைத்தது பிரெஞ்சுக்காரர் திறன். அதனை மறுப்பது நன்றி மறத்தலாகும். நாம் செய்த தவறு ஒரு பண்டத்தை மேல்நாட்டுக்குக் கொடுத்ததன்று. நெடும் பாதையில் நடந்து வந்த ஒன்றை, கடைசியாகத் தங்கிய சத்திரத்தின் பெயரால் மட்டும் அழைத்ததே. அப்பட்டியல் இன்று நம்மிடம் மீண்டும் வருமாயின், “நாரங்கப் பாகு பூசி வாட்டிய வாத்து” என்று எழுதுவோம். நாட்டின் பெயர் ஒன்றையும் சேர்க்க மாட்டோம்.

சொல்லைத் திருத்திக்கொள்வது நம் கையில் உள்ளது. மரத்தைக் காப்பது அத்துணை எளிதன்று. மேகாலய மாநிலத்தில் காரோ மலைகளின் நோக்ரெக் காட்டில், பயிரிடப்படாமல் தானே வளரும் காட்டு நாரங்கம் ஒன்று இருக்கிறது. காரோ மக்கள் அதனை மேமாங் நாரங் என்பர். ஆவிகளின் நாரங்கம் என்று பொருள். இறந்தோர்க்குச் செய்யும் சடங்குகளில் அக்கனிக்கு இடமுண்டு. கனி சிறிது, புளிப்புக் கடுமை. சந்தையில் அதற்கு விலை இல்லை. ஆனால் பயிர் நாரங்கங்களை நோய் தாக்கும்போது, அதனைத் தாங்கும் ஆற்றலை ஆராய்ச்சியாளர் தேடிச் செல்ல வேண்டிய இடங்களில் இத்தகைய காட்டு உறவினங்களும் அடங்கும். அவற்றைக் காக்கவே நாரங்க இனங்களுக்குரிய மரபணுக் காப்பகம் அங்கு அமைக்கப்பட்டது. நோக்ரெக் 1988இல் உயிர்க்கோளக் காப்பிடமாக அறிவிக்கப்பட்டு, 2009இல் யுனெஸ்கோவின் உலகப் பட்டியலிலும் இடம்பெற்றது. ஆயினும் காடு சுருங்கச் சுருங்க அம்மரமும் அரிதாகி வருகிறது.

பத்தாம் நூற்றாண்டின் அரபு ஆசிரியர், மண் மாறியதால் மணம் போயிற்று என்று வருந்தினார். அவர் வருத்தத்துக்கு ஓர் ஆறுதல் இருந்தது. மணமுள்ள மரம் தன் மண்ணில் இன்னும் நிற்கிறது என்பதே அது. காரோ மலையில் கடைசி மரம் சாயுமாயின் அந்த ஆறுதல் நமக்கு இராது. உலகின் மேசைகளிலெல்லாம் பாகு பளபளக்கும். பட்டியல்களிலெல்லாம் அதன் பெயர் அச்சாகும். மூலம் தொலைந்த பின் மொழிபெயர்ப்புகள் மட்டும் எஞ்சியிருப்பதற்கு அஃது ஒப்பாகும். மூலத்தோடு ஒத்துப் பார்க்க முடியாத மொழிபெயர்ப்பின் பிழையை எவரும் திருத்த இயலாது.